அலைக்குன்றும் ஒரு பிடி மண்ணும்

அவுஸ்திரேலியாவின் உள்நாட்டிலே 'ஸ்டேஷன்' என்ற சொல்லைக் கேட்கும் நம்மவர் புகைவண்டி நிலையத்தையே நினைப்பர். ஆனால், அந்நாட்டார் அச்சொல்லால் குறிப்பது கால்நடைப் பண்ணையை. பண்ணை என்றவுடன் நமது மனக்கண்ணில் நாலு பரப்புக் காணியும், பனைமட்டை வேலியும், ஒரு பட்டி மாடும் தோன்றுமாயின், அந்தச் சித்திரத்தையும் அழித்துவிடல் வேண்டும். நமது வட மாகாணத்தின் விஸ்தீரணம் 8,884 சதுர கிலோமீற்றர். வேவ் ஹில் என்னும் ஒரே ஒரு பண்ணை அதனிலும் பெரியது. யாழ்ப்பாணத்திலிருந்து வவுனியாவுக்கு அப்பாலும் பரந்துள்ள நிலமனைத்தும் ஒருவருடைய மேய்ச்சல் தரை என்று எண்ணிப் பார்ப்போர்க்கு அதன் பருமன் ஒருவாறு விளங்கும்.

'வேவ்' என்றால் அலை; 'ஹில்' என்றால் குன்று. அலையலையாக மடிந்து கிடக்கும் அக்குன்றுகளின் தோற்றத்தால் வந்த பெயர் அது. நாம் அதனை அலைக்குன்று என்று அழைக்கலாம். இப்பண்ணையின் சரித்திரம் மாடுகளின் சரித்திரம் மட்டுமன்று, 'காணி யாருடையது?' என்ற பழைய வினாவுக்கு ஒரு நாடு நூறாண்டுக்கு மேலாக விடை தேடிய வரலாறுமாகும்.

அலைக்குன்றுக்குச் செல்லும் வழி

அவுஸ்திரேலியாவின் வட பிரதேசத்துக்குத் தலைநகர் டார்வின். அங்கிருந்து தெற்கே ஏறக்குறைய 320 கிலோமீற்றர் சென்றால் கதரின் என்னும் ஊரை அடையலாம். அதற்கப்பால் தென்மேற்கே 460 கிலோமீற்றர் வரை பிரயாணஞ் செய்தல் வேண்டும். இடையிலே ஊர் என்று சொல்லத்தக்கது ஒன்றும் இல்லை. வழிப்போக்கர் இளைப்பாறி வாகனத்துக்கு எண்ணெய் நிரப்பிக்கொள்ளும் விடுதிகள் இரண்டொன்றே உண்டு.

அப்பகுதியின் நெடுஞ்சாலைப் பெயர்களே ஒரு பாடமாகும். ஒன்று புக்கனன் நெடுஞ்சாலை. மாட்டு மந்தைகளைக் கால்நடையாக ஓட்டிவந்து அந்நிலத்திலே முதன்முதல் பண்ணை அமைத்தவரின் பெயர் அதற்கு. மற்றொன்று பண்டைன் நெடுஞ்சாலை. பல பெட்டிகளைத் தொடுத்துச் செல்லும் பெரிய லொறிகளிலே மாடுகளை ஏற்றும் தொழிலில் பெயர்பெற்ற ஒருவரின் பெயர் அதற்கு. காலால் நடந்த மாடு லொறியில் ஏறிய கதையை அவ்விரு சாலைகளும் சொல்லாமற் சொல்லுகின்றன.

அங்கே பருவங்கள் இரண்டே. நவம்பர் தொடக்கம் ஏப்பிரில் வரை மழை. எஞ்சிய மாதங்களில் வறட்சி. மழைக் காலத்தில் விக்ரோரியா ஆறு கரைபுரண்டு ஓடும். வறட்சிக் காலத்தில் ஆங்காங்கு மடுக்களாகத் தேங்கி நிற்கும். 1839 ஆம் ஆண்டில் பீகிள் என்னும் கப்பலில் வந்த ஆங்கிலக் கடற்படை அதிகாரிகள் அவ்வாற்றைக் கண்டு தமது அரசியின் பெயரை அதற்குச் சூட்டினர். ஆற்றின் மேற்பகுதியிலே கரிய மண் படிந்த சமவெளிகளில் மிச்செல் புல் என்னும் ஒருவகைப் புல் அடர்ந்து வளருகின்றது. மழை ஓய்ந்து மாதங்கள் பல சென்று காய்ந்து வைக்கோல் நிறமானபோதும் அப்புல் மாட்டுக்கு உணவாகும் தன்மையது. அந்தப் புல்லே வெள்ளையரை அவ்விடத்துக்கு இழுத்தது.

மந்தையுடன் வந்தவர்

நதானியேல் புக்கனன் அயர்லாந்திலே 1826 இல் பிறந்து சிறு வயதிலேயே அவுஸ்திரேலியாவுக்கு வந்தவர். அக்காலத்தில் மந்தை ஓட்டுநரில் அவருக்கு இணை எவருமிலர் என்பர். கிழக்கே குயின்ஸ்லாந்திலிருந்து ஆயிரக்கணக்கான மாடுகளைப் பாதையில்லாத நிலத்தினூடாக மேற்கு நோக்கி மாதக்கணக்கில் ஓட்டிச்சென்ற தீரர் அவர். நீருள்ள இடத்தைத் தேடுதல், பாதையை வகுத்தல், இராக்காலத்தில் மந்தை மிரண்டு ஓடாதபடி காவல் காத்தல் ஆகிய யாவும் அத்தொழிலில் அடங்கும். 1883 ஆம் ஆண்டில் அவர் தம் உறவினருடன் சேர்ந்து அலைக்குன்றிலே மாடுகளை இறக்கிப் பண்ணை தொடங்கினார்.

நிலத்தை அவர் விலைக்கு வாங்கவில்லை. அங்கே நிலமனைத்தும் பிரித்தானிய முடிக்குச் சொந்தம் என்று அரசாங்கம் பிரகடனஞ் செய்திருந்தது. விரும்பியவர் சிறு வாடகை செலுத்தி ஒரு பகுதியை மேய்ச்சற் குத்தகையாகப் பெறலாம். குத்தகைக்காரர் மாடு மேய்க்கலாம், வீடு கட்டலாம், கிணறு தோண்டலாம். நிலத்தின் முழுச் சொந்தக்காரர் ஆகார். 'பண்ணை உரிமையாளர்' என்று நாம் சொல்வது உண்மையில் குத்தகை உரிமையாளரையே என்பதை மாணவர்கள் நன்கு மனத்தில் இருத்தல் வேண்டும். பின்னாளில் நடந்த வழக்குகளுக்கெல்லாம் இதுவே அடிப்படை.

முடி குத்தகை கொடுத்தது. புக்கனன் குத்தகை எடுத்தார். ஆனால், அந்நிலத்தில் ஏற்கனவே வாழ்ந்தவர்களை ஒருவரும் கேட்கவில்லை.

குரிஞ்சி மக்கள்

அப்படி வாழ்ந்தவர்கள் குரிஞ்சி என்னும் ஆதிக்குடி மக்கள். பெயர் நமது குறிஞ்சி நிலத்தை நினைவூட்டினும் இரண்டுக்கும் தொடர்பு ஏதும் இல்லை, ஒலியொற்றுமை தற்செயலானதே. அவர்கள் வேலியிட்டு நிலத்தைப் பிரித்தவர்களல்லர். உறுதி எழுதி வைத்தவர்களுமல்லர். ஆயினும், எந்த மடு எந்தக் குடும்பத்தின் பொறுப்பு, எந்தக் குன்றில் எந்த மூதாதையின் கதை உறைகின்றது, எவ்விடத்தில் எச்சடங்கை யார் நடத்தலாம் என்பனவற்றை அவர்கள் தலைமுறை தலைமுறையாக அறிந்து காத்துவந்தனர். எழுதாத உறுதியும் உறுதியே என்பதை அக்காலத்துச் சட்டம் ஏற்றுக்கொள்ளவில்லை.

மாடுகள் வந்ததும் மடுக்கள் கலங்கின. வேட்டை விலங்குகள் விலகிச் சென்றன. பசித்தவர்கள் மாட்டைக் குத்தினர். அதற்குப் பதிலாகத் துப்பாக்கி பேசிற்று. விக்ரோரியா ஆற்றுப் பிரதேசமெங்கணும் பல உயிர்கள் அவ்வாறு மாண்டன. கொலை நடந்த இடங்களைக் குரிஞ்சி முதியோர் தம் பேரப்பிள்ளைகளுக்குச் சொல்லிச்சொல்லியே நினைவில் வைத்திருந்தனர். தப்பியவர்கள் பண்ணையை அண்டி வாழ்வதைத் தவிர வேறு வழி காணவில்லை. காலப்போக்கில் குதிரை ஏறவும், மந்தை திரட்டவும், கன்றுகளுக்குக் குறிசுடவும் அவர்களைப் போல வல்லார் இல்லை என்னும் நிலை வந்தது. பண்ணையை நடத்தியது அவர்கள் உழைப்பே.

வெஸ்டி சகோதரர்

1914 ஆம் ஆண்டில் அலைக்குன்று வெஸ்டி சகோதரரின் கைக்கு மாறியது. வில்லியம், எட்மண்ட் என்னும் அவ்விருவரும் இங்கிலாந்தின் லிவர்பூல் நகரத்து இறைச்சி வியாபாரிகள். குளிரூட்டிய களஞ்சியம் என்னும் புதுமையின் பயனை முன்னதாக உணர்ந்தவர்கள். உலகத்தின் ஒரு கோடியில் மாட்டை வளர்த்து, அங்கேயே அறுத்து, உறைய வைத்து, தமது சொந்தக் கப்பலில் ஏற்றி, இலண்டனில் தமது சொந்தக் கடையிலேயே விற்பது அவர்கள் கண்ட வழி. அதற்கென அவர்கள் 1911 இல் தொடங்கிய கப்பல் நிறுவனமே புகழ்பெற்ற புளூ ஸ்ரார் லைன். மேய்ச்சல் தரை தொடக்கம் இறைச்சிக் கடை வரை இடையில் மற்றொருவருக்கு இலாபம் செல்லாத ஏற்பாடு அது. வருமான வரிக்குத் தப்பும்பொருட்டு அவர்கள் 1915 இல் ஆர்ஜென்ரீனாவிலே குடியேறியதும், 1922 இல் வில்லியம் வெஸ்டிக்குப் பிரபுப் பட்டம் கிடைத்ததும் சரித்திரம்.

வட பிரதேசத்தில் அவர்கள் பல பண்ணைகளைச் சேர்த்துக்கொண்டனர். டார்வினிலே கடலோரத்தில் பெரிய இறைச்சித் தொழிற்சாலை ஒன்றையும் கட்டினர். 1917 இல் தொடங்கிய அத்தொழிற்சாலை 1920 இல் மூடப்பட்டது. செலவு மிகுந்தது, இலாபம் கிட்டவில்லை. அது நின்ற இடத்திலே இன்று டார்வின் உயர்நிலைப் பள்ளி இருக்கின்றது. மாடுகள் அடிபட்ட இடத்தில் மாணவர்கள் பாடம் படிக்கின்றார்கள்.

தொழிற்சாலை போயினும் பண்ணைகள் போகவில்லை. 1924 இல் பெருவெள்ளம் வந்து அலைக்குன்றின் பழைய மனையிடத்தை அடித்துச் சென்றது. அதன்பின் உயர்ந்த தரையிலே, ஜின்பராக் என்று குரிஞ்சி மக்கள் வழங்கிய இடத்தில், மனை மீண்டும் கட்டப்பட்டது. இலண்டனில் இருந்த குடும்பம் ஒன்றுக்கு ஆயிரக்கணக்கான மைல்களுக்கு அப்பால் ஒரு மாகாணம் அளவான நிலம் வருவாய் ஈட்டிக்கொண்டிருந்தது.

கூலியற்ற உழைப்பு

அந்த வருவாய்க்காக உழைத்தவர்களின் நிலை யாது? நெடுங்காலம் அவர்களுக்குக் கூலி என்பதே இல்லை. மாவும், தேயிலையும், சீனியும், மாட்டிறைச்சியும், புகையிலையும் படியாக அளக்கப்பட்டன. இருப்பிடம் தகரத் துண்டும் சாக்கும் கொண்டு மறைத்த குடிசைகள். இரண்டாம் உலக மகாயுத்தத்தின் இறுதியில் வெஸ்டி நிறுவனம் தனது பண்ணைகளில் வேலையாட்கள் குறைந்து வருவதற்குக் காரணம் அறிய விரும்பி, ரொனால்ட் பேர்ன்ட், கதரின் பேர்ன்ட் என்னும் மானிடவியல் ஆய்வாளர் தம்பதியரை அமர்த்தியது. அவர்கள் கண்டது போதாத உணவு, குடிசை என்று சொல்லவும் தகாத இருப்பிடம், மிகுதியான குழந்தை மரணம், சிறுவரும் வேலை செய்யும் கொடுமை. அவ்வறிக்கை நூலாக வெளிவந்தது 1987 ஆம் ஆண்டிலேதான்.

பின்னர் சட்டம் ஒரு கூலியை நிர்ணயித்தது. வாரத்துக்கு 2 பவுண் 8 சிலிங் 3 பென்ஸ். அதே வேலையைச் செய்த வெள்ளையர் பெற்றதோ அதனிலும் பன்மடங்கு. 1965 இல் தொழிற்சங்கம் சம கூலி கோரி நடுவர் ஆணைக்குழுவின் முன் சென்றது. 1966 மார்ச் மாதத்தில் ஆணைக்குழு கோரிக்கையின் நியாயத்தை ஏற்றுக்கொண்டது. ஆயின், பண்ணைக்காரருக்கு அவகாசம் வேண்டுமென்று 1968 டிசம்பர் வரை அதனை ஒத்திவைத்தது. நியாயம் என்று ஒப்புக்கொண்ட ஒன்றைப் பின்னொரு நாளில் தருவோம் என்றால், பசித்தவன் எவ்வளவு காலம் பொறுப்பான்?

எழுந்து நடந்தவர்கள்

1966 ஆகஸ்ட் 23 ஆம் நாள். வின்சென்ற் லிங்கியாரி என்னும் குரிஞ்சித் தலைவர், மந்தை மேய்ப்போருக்குத் தலைமை வகித்தவர், தம் மக்கள் ஏறக்குறைய இருநூறு பேருடன் ஜின்பராக்கை விட்டு வெளியே நடந்தார். ஆண்களும் பெண்களும் பிள்ளைகளும் முதியோரும் சுருட்டிய படுக்கைகளைச் சுமந்து விக்ரோரியா ஆற்றங்கரைக்குச் சென்று தங்கினர். அடுத்த ஆண்டில் அங்கிருந்து வற்றி ஓடை என்ற இடத்துக்குப் பெயர்ந்தனர். அவர்கள் மொழியில் அவ்விடத்தின் பெயர் டகுரகு. மூதாதையர் கதைகள் செறிந்த நிலம் அது.

உலகம் அதனைக் கூலிக்கான வேலைநிறுத்தம் என்றே முதலில் எண்ணியது. பண்ணை நிருவாகமும் இறைச்சியும் கூடுதற் கூலியும் தருவதாகக் கூறித் திரும்பி வருமாறு அழைத்தது. அவர்கள் அசையவில்லை. சிட்னியிலிருந்து வந்து அவர்களுடன் தங்கிய எழுத்தாளர் பிராங் ஹார்டி உண்மையை மெல்ல மெல்ல அறிந்துகொண்டார்: அவர்கள் கேட்பது கூலியை அன்று, நிலத்தை. 1967 ஏப்பிரிலில் அவருடைய உதவியோடு மகாதேசாதிபதி கேசி பிரபுவுக்கு ஒரு விண்ணப்பம் அனுப்பப்பட்டது. ஐந்நூறு சதுர மைல், அதாவது ஏறக்குறைய 1,300 சதுர கிலோமீற்றர் நிலத்தைத் தம்மிடம் திருப்பித் தரவேண்டும் என்பது அதன் சாரம். எழுதப் படிக்க அறியாத தலைவர்கள் அதிலே பெருவிரல் அடையாளம் இட்டனர். சில வாரங்களில் விடை வந்தது: இயலாது.

அதே ஆண்டு மே மாதம் 27 ஆம் நாள் அவுஸ்திரேலிய மக்கள் ஒரு சர்வஜன வாக்கெடுப்பிலே நூற்றுக்குத் தொண்ணூறு பேருக்கு மேலாக ஆதரவளித்து, ஆதிக்குடிகளைக் குடிசன மதிப்பிலே சேர்க்கவும் அவர்களுக்கெனச் சமஷ்டி அரசாங்கம் சட்டம் இயற்றவும் வழி செய்தனர். நாட்டின் மனம் மாறத் தொடங்கிற்று. எனினும், டகுரகுவில் இருந்தவர்களுக்கு நிலம் வரவில்லை. அவர்கள் காத்திருந்தார்கள், வெறுமனே காத்திருக்கவில்லை. வீடு கட்டினர், தோட்டம் செய்தனர், வேலி அடைத்தனர், தமக்கென மாட்டுப் பண்ணை தொடங்கினர். சட்டத்தின் கண்ணில் அத்துமீறிக் குடியேறியவர்கள். தம் கண்ணிலே தம் வீட்டுக்குத் திரும்பியவர்கள். அவ்வாறு ஒன்பது ஆண்டுகள் சென்றன.

ஒரு பிடி மண்

1972 டிசம்பரில் கோஃப் விற்லம் பிரதம மந்திரியானார். நில உரிமை குறித்து விசாரிக்க நீதிபதி வூட்வேட் தலைமையில் ஆணைக்குழு ஒன்று நியமிக்கப்பட்டது. வெஸ்டி நிறுவனமும் குத்தகையில் ஒரு பகுதியைக் கைவிட இசைந்தது. 1975 ஆகஸ்ட் 16 ஆம் நாள் பிரதம மந்திரி தாமே டகுரகுவுக்குச் சென்று, ஏறக்குறைய 3,200 சதுர கிலோமீற்றர் நிலத்துக்கான குத்தகைப் பத்திரத்தை லிங்கியாரியிடம் ஒப்படைத்தார். பின்னர்க் குனிந்து அந்நிலத்தின் மண்ணை அள்ளி, இந்நிலம் உமக்கும் உம் சந்ததிக்கும் என்றும் உரியது என்னும் கருத்துப்பட உரைத்து, அதனை முதியவரின் உள்ளங்கையிலே சொரிந்தார்.

அந்தக் காட்சியைப் படம் பிடித்தவர் மேர்வின் பிஷப் என்னும் ஆதிக்குடிப் புகைப்படக்காரர். சடங்கு நிழலிலே நடைபெற்றமையால் படம் தெளிவாக அமையவில்லை என்று கருதி, அவ்விருவரையும் வெயிலுக்கு அழைத்து மண்ணைச் சொரியும் செயலை மீண்டும் ஒருமுறை செய்வித்தார். நீலவானத்தின் கீழ் ஓங்கி நிற்கும் பிரதம மந்திரியும் கையேந்தி நிற்கும் முதியவரும் உள்ள அப்படத்தை அறியாத அவுஸ்திரேலியர் அரிது. அதனை நோக்கும்போது ஒன்றை நாம் மறத்தலாகாது. கையேந்தி நின்றவர் இரவலர் அல்லர். ஒன்பது ஆண்டுகளாகத் தமது மண்ணை விட்டு அகலாது நின்றவர்.

உறுதியும் உரிமையும்

கதை அத்துடன் முடிந்ததன்று. 1975 இல் கிடைத்தது குத்தகையே. 1976 இல் வட பிரதேச நில உரிமைச் சட்டம் நிறைவேறிற்று. அதன்படி விசாரணை நடந்து, 1986 இலேதான் டகுரகு நிலம் எவருக்கும் விற்கவியலாத முழுவுரிமையாகக் குரிஞ்சி மக்களைச் சேர்ந்தது. அவர்கள் எழுந்து நடந்து அப்போது இருபது ஆண்டுகள் ஆகியிருந்தன. லிங்கியாரி அதனைக் கண்டபின் 1988 ஜனவரியில் காலமானார்.

எஞ்சிய அலைக்குன்றுப் பண்ணையின் குத்தகை வெஸ்டி குடும்பத்திடமிருந்து பிற்காலத்தில் வேறு கைகளுக்கு மாறியது. இதனிடையே 1992 இல் மாபோ வழக்கிலே அவுஸ்திரேலிய உயர் நீதிமன்றம், வெள்ளையர் வருமுன் அந்நாடு யாருக்கும் உரிமையற்ற நிலமாக இருந்தது என்னும் பழைய கொள்கையை நிராகரித்தது. 1996 இல் விக் வழக்கிலே, மேய்ச்சற் குத்தகை கொடுக்கப்பட்டதனாலேயே ஆதிக்குடிகளின் உரிமை முற்றாக அழிந்துவிடாது என்று தீர்ப்பளித்தது. அவற்றின் பயனாக, 2020 செப்ரெம்பரில், பண்ணையின் ஏறக்குறைய 5,000 சதுர கிலோமீற்றர் பரப்பிலே குரிஞ்சி மக்களின் மரபுரிமையைச் சமஷ்டி நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. மாடுகள் தொடர்ந்து மேயும். குத்தகைக்காரர் தொடர்ந்து பண்ணை நடத்துவார். குரிஞ்சி மக்களும் அங்கே வேட்டையாடலாம், சடங்கு நடத்தலாம், பிள்ளைகளுக்கு அந்நிலத்தின் கதைகளைக் கற்பிக்கலாம்.

இவ்வெற்றிக்கு ஒரு விலையும் உண்டு. அதைச் சொல்லாது விடுவது நேர்மையன்று. 1968 இல் சம கூலி வந்ததும், பல பண்ணைக்காரர் ஆதிக்குடி வேலையாட்களைக் குடும்பத்துடன் வெளியேற்றினர். வேலியும், லொறியும், ஹெலிகொப்ரரும் அவர்களின் இடத்தைப் பிடித்துக்கொண்டன. பலர் தொழிலோடு தாம் பிறந்த நிலத்தையும் இழந்து ஊரோரங்களில் ஒதுங்கினர். டகுரகுவிலே மக்கள் தொடங்கிய மாட்டுப் பண்ணையும் நிலைக்கவில்லை. நிலம் மீண்டதனால் வேலையும் வைத்தியமும் கல்வியும் தாமாக வந்துவிடுவதில்லை. அவற்றுக்கான போராட்டத்தை இன்றும் அவ்வூரார் நடத்தவேண்டியுள்ளது.

ஆயினும், ஒவ்வோர் ஆண்டும் ஆகஸ்ட் மாதத்தில் கல்கரிண்டி என்னும் அவ்வூரிலே சுதந்திர தின விழா நடைபெறுகின்றது. முன்னோர் நடந்த பாதை 2007 இல் தேசிய மரபுரிமைப் பட்டியலிலே சேர்க்கப்பட்டது. பேரப்பிள்ளைகள் அப்பாதையில் நடந்து காட்டுகின்றார்கள்.

மாணவர்கள் தேசப்படத்தை விரித்து விக்ரோரியா ஆற்றின் தலைப்பகுதியைத் தேடிப் பார்ப்பார்களாக. அங்கே ஒரே நிலத்தின்மீது மூன்று உரிமைகள் இன்று படிந்துள்ளன: முடியின் உரிமை, குத்தகைக்காரரின் உரிமை, குரிஞ்சி மக்களின் உரிமை. முதலிரண்டும் காகிதத்தில் எழுதப்பட்டபோதே சட்டமாயின. மூன்றாவது அவற்றினும் மிகப் பழையது. அது காகிதத்தில் ஏறுவதற்கு, பண்ணை தோன்றிய 1883 இலிருந்து நூறு ஆண்டுகளுக்கு மேல் சென்றன. எழுதத் தெரியாத ஒரு முதியவரும் அவரோடு நடந்த இருநூறு பேரும் இல்லையேல் அது இன்னமும் ஏறியிராது.